படம் பிடித்த இடங்களும் படத்தில் வராத மனிதர்களும்

கோடை விடுமுறை தொடங்கினால் லுசேர்ணில் வசிக்கும் எம்மவர் வீடுகளுக்குக் கூடுதலாக ஒரு வேலை வந்து சேரும். லண்டனிலிருந்தும் ரொறன்ரோவிலிருந்தும் பாரிஸிலிருந்தும், அண்மைக் காலமாக யாழ்ப்பாணத்திலிருந்தும்கூட, உறவினர் வருவார்கள். வருபவர்களிடம் ஒரு பட்டியல் இருக்கும். மரப்பாலம், சிங்கச் சிலை, ஏரிக் கப்பல் எல்லாம் அதில் உண்டு. ஆனால் பட்டியலின் தலையில் நிற்பவை வேறு. அந்தப் பாட்டு எடுத்த மலை எது? ஷாருக்கானும் கஜோலும் நின்ற இடம் எது? கூட வரும் பிள்ளைகள் கொரியத் தொலைக்காட்சித் தொடரில் வரும் படகுத்துறையைக் கேட்பார்கள்.

இந்தப் பயணங்கள் பற்றி எமது எழுத்துச் சூழலில் நிலவும் பார்வை பெரும்பாலும் ஏளனமாகவே இருந்து வந்துள்ளது. வெகுசன சினிமா தரும் மயக்கம் என்றும் நுகர்வுக் கலாசாரத்தின் விளைவு என்றும் இரண்டு வசனங்களில் தீர்ப்பு எழுதிவிட்டு நாம் அப்பால் நகர்ந்துவிடுகிறோம். இத்தீர்ப்புகளைக் கூட்டங்களில் பல தடவை கேட்டிருக்கிறேன். எனக்கு அவற்றில் உடன்பாடில்லை. ஒரு படத்தில் பார்த்த இடத்தை நேரில் போய்ப் பார்க்க விரும்புவது வெட்கப்பட வேண்டிய விடயமல்ல. நானும் அப்படி விரும்பிப் போனவன்தான். கேட்கப்பட வேண்டிய கேள்வி வேறொன்று. ஓர் இடம் எவ்வாறு ‘பார்க்க வேண்டிய இடம்’ ஆகிறது? அது அப்படி ஆகும்போது யார் சட்டகத்துக்குள் வருகிறார்கள், யார் வெளியே விடப்படுகிறார்கள்? லுசேர்ணிலிருந்து புறப்படும் ஒரே ரயில் பாதையை வைத்துக்கொண்டு இதனை விளக்க முயல்கிறேன்.

கமெரா வருவதற்கு முன்பு

ரசிகர்கள் கதை நடந்த இடம் தேடிப் போவது சினிமாவோடு தொடங்கியதல்ல. லுசேர்ண் நகரைத் தொட்டுக் கிடக்கும் ஏரியே இதற்கு முதற் சான்று. வில்லியம் தெல் என்ற வில்வீரனின் கதையை ஜேர்மன் கவிஞர் ஷில்லர் 1804 இல் நாடகமாக்கினார். ஷில்லர் சுவிஸ் மண்ணில் ஒருபோதும் கால் வைத்ததில்லை. தெல் என்றொருவன் வாழ்ந்தான் என்பதற்கு வரலாற்றாசிரியர்களிடம் ஆதாரமும் இல்லை. ஆயினும் கப்பலில் போகிறவர்களுக்குத் தெல் படகிலிருந்து பாய்ந்த இடம் காட்டப்படுகிறது. அங்கு ஒரு சிற்றாலயம் இருக்கிறது. அதே ஏரியில் நீரிலிருந்து எழும் ஒரு பாறையில் ஷில்லருக்கு நன்றி பொறிக்கப்பட்டிருக்கிறது. வராத கவிஞர் எழுதிய, நடந்ததென்று நிறுவப்படாத கதை ஒரு நாட்டின் புனித இடங்களை நிலைநிறுத்திவிட்டது.

லுசேர்ணிலிருந்து புரூனிக் கணவாய் வழியாக இன்டர்லாக்கனுக்கு ஒரு மலை ரயில் ஓடுகிறது. ஏறக்குறைய இரண்டு மணிநேரப் பயணம். இடையில் மைரிங்கன் என்ற ஊர் வரும். 1893 இல் வெளிவந்த கதையொன்றில் ஆர்தர் கொனன் டொயில் தனது துப்பறியும் நாயகன் ஷெர்லொக் ஹோம்ஸை இந்த ஊருக்கு மேலுள்ள றைக்கன்பாக் நீர்வீழ்ச்சியில் விழுத்திக் கொன்றார். வாசகர் விடவில்லை, பின்னர் உயிர்ப்பிக்க வேண்டியதாயிற்று. இன்று மைரிங்கனில் ஹோம்ஸுக்குச் சிலை உண்டு; 1991 இல் திறந்த அருங்காட்சியகம் உண்டு; அவர் ‘விழுந்த’ இடத்தில் நினைவுப் பலகையும் உண்டு. பிறக்காத ஒருவர் இறந்த இடத்துக்கு மக்கள் மலையேறிப் போய்த் தலைகுனிந்து நிற்கிறார்கள்.

கதை மட்டும் போதாது என்பதையும் குறித்துக்கொள்ள வேண்டும். தோமஸ் குக் தனது முதலாவது சுவிஸ் சுற்றுலாக் குழுவை 1863 இல் அழைத்து வந்தார். லுசேர்ணும் அதனருகிலுள்ள றிகி மலையும் அந்தப் பயணத்தில் அடங்கின. 1871 இல் றிகியில் ஐரோப்பாவின் முதலாவது பற்சக்கர மலை ரயில் ஓடத் தொடங்கியது. கதை ஆசையை உண்டாக்கியது. ரயிலும் ஹொட்டேலும் வழிகாட்டி நூலும் அதனை வியாபாரமாக்கின. ஹொட்டேல் என்றால் அதற்குள் ஒரு குசினி உண்டு. அந்தக் குசினிக்குப் பின்னர் வருவோம்.

காஷ்மீர் இடம்பெயர்ந்த கதை

இந்திய சினிமா சுவிஸ் மலைகளுக்கு வந்தது தற்செயலல்ல. ராஜ் கபூரின் ‘சங்கம்’ (1964) தேனிலவுக் காட்சிகளுக்காக ஐரோப்பா வந்தபோது சுவிற்சர்லாந்தையும் தொட்டது. தமிழில் சிறீதர் இயக்கிச் சிவாஜி கணேசன் நடித்த ‘சிவந்த மண்’ (1969) இங்கும் படமாக்கப்பட்டது. கொடுங்கோலாட்சிக்கு எதிரான புரட்சியைச் சொல்ல வந்த படத்துக்கு ஆல்ப்ஸ் எதற்கு என்று அக்காலத்தில் யாரும் கேட்டிருக்க மாட்டார்கள். வெளிநாடு என்பதே ஒரு காட்சிப் பொருளாக இருந்த காலம் அது.

ஆனால் பனிமலைக் காதலுக்கு ஹிந்தி சினிமாவின் வழக்கமான இடம் காஷ்மீர்தான். 1989 அளவில் அங்கு ஆயுதக் கிளர்ச்சியும் அரச அடக்குமுறையும் தீவிரமடைந்து, படக்குழுக்கள் போகமுடியாத நிலை வந்தது. யாஷ் சோப்ரா போன்றவர்கள் அதே பனி, அதே புல்வெளி, அதே ஏரிக்கு மாற்றிடமாகச் சுவிஸைப் பயன்படுத்தினார்கள். அவரது ‘சாந்தினி’ (1989) இப்போக்கை நிலைப்படுத்தியது. நடைமுறைக் காரணங்களும் இருந்தன. ஒரே நாளில் பனியிலும் புல்லிலும் ஏரிக்கரையிலும் படம் எடுக்கக்கூடிய அளவுக்கு இங்கு இடங்கள் நெருங்கிக் கிடக்கின்றன. ரயில் நேரத்துக்கு வரும். நடிகரைச் சூழ்ந்துகொள்ளும் கூட்டம் கிடையாது. ஒரு சிறிய குழு ஒரு வானில் சுற்றியபடியே ஒரு முழுப் பாடலை முடித்துவிடலாம்.

இவ்விடமாற்றத்தில் கவனிக்க வேண்டிய ஒன்றுண்டு. சினிமாக் காஷ்மீரில் காஷ்மீரிகள் பெரும்பாலும் படகோட்டிகளாகவும் பூ விற்பவர்களாகவும் மட்டுமே தோன்றினார்கள். அவர்கள் அரசியல் மனிதர்களாக உலகுக்குத் தெரியத் தொடங்கிய வேளையில் காதல் பாட்டின் கமெரா வேறு மலைக்குப் போய்விட்டது. போன இடத்திலும் அது மனிதரில்லாத மலையையே தேடியது. பாடல் காட்சிகளில் சுவிஸ் விவசாயி இல்லை. பால் கறப்பவர் இல்லை. மெல்லிய சேலையோடு பனியில் ஆடும் நாயகியும் கம்பளிச் சட்டையோடு ஆடும் நாயகனும் மாத்திரமே இருப்பார்கள். கனவுக்கு ஆளில்லாத இடம் தேவைப்படுகிறது.

ஆதித்ய சோப்ராவின் ‘தில்வாலே துல்ஹனியா லே ஜாயேங்கே’ 1995 ஒக்டோபரில் வெளிவந்தது. மும்பையின் மராத்தா மந்திர் அரங்கில் 2014 டிசெம்பரில் அது ஆயிரம் வாரங்களைக் கடந்தது. அதன் சுவிஸ் காட்சிகளிற் பெரும்பாலானவை சானென், க்ஸ்டாட் பகுதிகளில் எடுக்கப்பட்டவை. இன்டர்லாக்கனிலிருந்து ஸ்பீஸ், ட்ஸ்வைசிம்மன் வழியாக ரயிலில் போகலாம். ட்ஸ்வைசிம்மன் நிலையத்திலும் சானென் பாலத்திலும் மொன்பொவோன் தேவாலயத்திலும் இந்திய இளம் தம்பதிகள் படத்தின் காட்சியை அப்படியே நடித்துப் பார்த்துப் புகைப்படம் எடுப்பதை நான் கண்டிருக்கிறேன். இன்டர்லாக்கனில் யாஷ் சோப்ராவுக்கு 2016 இல் சிலை வைத்தார்கள். அதற்கு முன்னரே 2011 இல் யுங்பிறவ் ரயில் நிறுவனம் ஒரு ரயிலுக்கு அவர் பெயரைச் சூட்டியது.

எமது உறவினர் லுசேர்ணிலிருந்து அதிகம் போவது டிட்லிஸ் மலைக்கு. ஏங்கல்பேர்க் வரை முக்கால் மணிநேர ரயில். அங்கிருந்து கேபிள் கார். கடைசிப் பகுதியில் 1992 இல் தொடங்கிய சுழலும் கேபிள் கார், மூவாயிரம் மீற்றர் உயரத்துக்குக் கொண்டுபோய் விடும். அந்த உச்சியில் பல ஆண்டுகளாக ஷாருக்கான், கஜோல் உருவ அட்டைகள் நிறுத்தப்பட்டிருந்தன. அருகில் நின்று படமெடுக்க வரிசை நிற்கும். படத்தின் புகழ்பெற்ற சுவிஸ் காட்சிகள் எடுக்கப்பட்ட சானென் அங்கிருந்து மலைகள் பல தாண்டிக் கிடக்கிறது என்று சொன்னால் யாரும் பொருட்படுத்துவதில்லை. ஏன் பொருட்படுத்த வேண்டும்? தெல் பாய்ந்த பாறையைக் காட்டும் நாட்டில், உண்மையான இடமா என்ற கேள்வியை ரசிகரிடம் மட்டும் கேட்பது நியாயமில்லை. ரசிகர் அங்கே தேடுவது தான் அந்தப் படத்தைப் பார்த்த காலத்தை. அப்போது தன்னோடு இருந்து பார்த்தவர்களை.

பிரிந்த தேசத்தின் படகுத்துறை

பிறியன்ஸ் ஏரிக்கரையில் ஈசல்ட்வால்ட் என்ற கிராமம் இருக்கிறது. ஏறக்குறைய நானூறு பேர் வாழும் இடம். 2019 டிசெம்பரிலிருந்து 2020 பெப்ரவரி வரை ஒளிபரப்பான ‘கிராஷ் லான்டிங் ஒன் யூ’ என்ற தென்கொரியத் தொடரில், நாயகன் இந்த ஊரின் சிறு படகுத்துறையிலிருந்து பியானோ வாசிக்கிறான். பெருந்தொற்று அடங்கிய பின் ஆசியாவிலிருந்து வந்த கூட்டத்தால் கிராமம் திணறியது. 2023 இல் படகுத்துறைக்குச் சுழல் தடுப்புப் போட்டு, உள்ளே போக ஐந்து பிராங் கட்டணம் அறவிடத் தொடங்கினார்கள். செய்தித்தாள்கள் இதனை வேடிக்கைச் செய்தியாக எழுதின.

ஆனால் அந்தத் தொடரின் கதையை எமது வாசகர்கள் வேடிக்கையாகக் கொள்ள முடியாது. நாயகி தென்கொரியாவின் பணக்காரப் பெண். நாயகன் வடகொரிய இராணுவ அதிகாரி. இருவரும் தத்தம் நாட்டில் சேர்ந்து வாழ வழியில்லை. கடைசியில் அவர்களுக்கு எஞ்சுவது ஆண்டுக்கு இரண்டு வாரம், அதுவும் மூன்றாவது நாடொன்றில், சுவிஸில். மூன்றாவது நாட்டுச் சந்திப்பு என்பது எமக்குத் தெரிந்த அனுபவமே. ஊருக்குத் திரும்பமுடியாத மகனும் ஊரைவிட்டு வர விசா கிடைக்காத தாயும் சென்னையில் ஒரு வாடகை அறையில் மூன்று வாரம் சேர்ந்திருந்துவிட்டு, மீனம்பாக்கத்தில் அழுது பிரிந்த கதை எம்மில் எத்தனை குடும்பங்களில் உண்டு! அந்த அறைகளை எந்தக் கமெராவும் பிடிக்கவில்லை. ஈசல்ட்வால்டில் ஐந்து பிராங் கட்டி நிற்கும் எமது பிள்ளைகளுக்கு இதனைச் சொல்லிக் கொடுத்தால், அவர்கள் அந்தத் துறையில் நிற்பதன் பொருளே மாறும்.

கமெராவுக்குப் பின்னால் ஒரு குசினி

1983 க்குப் பின்னர் எம்மவர் சுவிஸில் தஞ்சம் கோரத் தொடங்கினர். இங்கு தஞ்சம் கோருபவரை மாநிலங்களுக்குப் பங்கிடுவார்கள். எங்கு போவது என்று நாம் தெரிவு செய்வதில்லை. எண்பதுகளின் இறுதியில் வந்த எனக்கு விழுந்தது லுசேர்ண். வேலை செய்ய அனுமதி கிடைத்தபோது பலருக்கும் திறந்திருந்த கதவு ஹொட்டேல் குசினிதான். கோப்பை கழுவினோம், உருளைக்கிழங்கு உரித்தோம், பின்னர் சிலர் சமையற்காரரானோம். உல்லாசப் பயணிகள் உண்ட தட்டுகள் எமது கைகளால் கழுவப்பட்டவை.

நான் முதலில் வேலை செய்தது ஏரிக்கு மேலே ஒரு மலைக் கிராமத்து ஹொட்டேலில். குசினி நிலத்துக்குக் கீழே இருந்தது. ஜன்னலால் பார்த்தால் சப்பாத்துகள் மட்டும் தெரியும். ஒரு வசந்த காலத்தில் இந்தியப் படக்குழு ஒன்று வந்து பத்து நாட்கள் தங்கியது. தலைமைச் சமையற்காரர் என்னையும் இன்னொரு தமிழரையும் கூப்பிட்டுச் சோறும் பருப்பும் வைக்கச் சொன்னார். குழுவிலிருந்த சென்னைப் பையன் ஒருவன் குசினிக்கு இறங்கி வந்து தமிழ்ச் சத்தம் கேட்டு ஆச்சரியப்பட்டு, ‘நீங்களும் ஷூட்டிங்குக்குத்தான் வந்தீங்களா அண்ணே?’ என்று கேட்டான். ‘இல்லைத் தம்பி, நாங்கள் அதுக்கு முதலே வந்திட்டம்’ என்றார் மற்றவர். இரண்டு ஆண்டுகள் கழித்து அந்தப் பாட்டை வீடியோ கசெற்றில் பார்த்தோம். ஹொட்டேலின் பின்புறப் புல்வெளி முழுமையாக வந்திருந்தது. குசினியின் புகைக்குழாயும் குப்பைத் தொட்டிகளும் நாம் புகைபிடிக்க ஒதுங்கும் படியும் சட்டகத்தின் விளிம்புக்கு அப்பால் விடப்பட்டிருந்தன. கமெராக்காரர் தன் தொழிலைச் சரியாகவே செய்திருந்தார்.

இங்கு காலவரிசையைச் சற்று உற்றுப் பார்க்க வேண்டும். நிராகரிக்கப்பட்ட தமிழரைத் திருப்பி அனுப்புவது குறித்துச் சுவிஸும் இலங்கையும் உடன்படிக்கை செய்துகொண்டது 1994 இல். ராஜும் சிம்ரனும் ஐரோப்பிய ரயில்களில் எல்லை எல்லையாகக் கடந்து காதலித்த படம் வந்தது 1995 இல். அவர்களும் குடிபெயர்ந்தோரின் பிள்ளைகள்தான், லண்டனில் வளர்ந்தவர்கள். எமது பிள்ளைகளுக்கு அந்தப் படம் பிடித்துப்போனதற்கு ஒரு காரணம் அதுவே. ஆனால் அதே ஆண்டில் ‘என்’ அட்டை வைத்திருந்த தமிழருக்குப் பாசலைத் தாண்டி ஜேர்மனிக்குள் ஒரு சாவீட்டுக்குப் போகவும் வழியில்லை. 1992 முடிவதற்கு முன் வந்து நிச்சயமற்ற நிலையில் இருந்தவர்களுக்கு 2000 ஆம் ஆண்டின் மனிதாபிமான நடவடிக்கைதான் ஓரளவு நிம்மதி தந்தது. அதுவரை திருப்பி அனுப்பும் கடிதம் எந்தத் தபாலில் வரும் என்று காத்திருந்தவர்கள், வார இறுதியில் வாடகைக் கசெற்றில் ஆல்ப்ஸ் பாட்டுப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். மலை ஜன்னலுக்கு வெளியே நின்றது.

இன்னொரு சினிமாவும் உண்டு. சுவிஸ் இயக்குநர் சேவியர் கொலரின் ‘நம்பிக்கைப் பயணம்’ 1990 இல் வந்து, மறு ஆண்டில் சிறந்த பிறமொழிப் படத்துக்கான ஒஸ்கார் பெற்றது. துருக்கியிலிருந்து ஒரு ஏழைக் குடும்பம் ஏஜென்சிக்காரரிடம் பணம் கொடுத்து வருகிறது. இத்தாலியப் பக்கமிருந்து இரவில் பனிக் கணவாயைக் கடக்கும்போது சிறுவன் இறந்துபோகிறான். ஸ்புளூகன் கணவாயில் 1988 இல் உண்மையாக நடந்ததன் அடிப்படையில் எடுக்கப்பட்டது. அந்தக் குடும்பத்தைப் புறப்பட வைத்ததில் சுவிஸிலிருந்து வந்த ஓர் அஞ்சலட்டைப் படத்துக்கும் பங்குண்டு. ‘சாந்தினி’ படத்தின் பனியும் இந்தச் சிறுவனின் பனியும் ஏறக்குறைய ஒரே ஆண்டுகளின் பனி. முதலாவதைத் தேடி வருடந்தோறும் ஆட்கள் வருகிறார்கள். இரண்டாவதைத் தேடிப் போன ஒருவரையும் நான் சந்தித்ததில்லை.

சட்டகத்துக்கு வெளியே ஆட்களை விடுவது சுவிஸில் மட்டும் நடப்பதல்ல. ‘கிவாய் ஆற்றுப் பாலம்’ (1957) சயாம் மரண ரயில் பாதையின் கதை. எடுக்கப்பட்டதோ எமது நாட்டின் கித்துள்கலவில். இன்றும் உல்லாசப் பயணிகள் அந்த ஆற்றங்கரைக்குப் போகிறார்கள். அந்தப் பாதையில் மலாயாத் தோட்டங்களிலிருந்து கொண்டுபோகப்பட்ட தமிழ்த் தொழிலாளர் ஆயிரமாயிரமாக இறந்தனர். படம் பிரித்தானியச் சிப்பாய்களின் கதையாகவே நின்றது. மணிரத்தினத்தின் ‘கன்னத்தில் முத்தமிட்டால்’ (2002) மாங்குளத்தைப் பற்றிப் பேசுகிறது. போர்க் காட்சிகள் எடுக்கப்பட்டது இந்தியாவில். அந்தப் படத்தின் இடத்தைத் தேட விரும்பும் சுவிஸ் தமிழ்ப் பிள்ளை மாங்குளத்துக்குப் போனால், அங்கே படத்தின் மாங்குளத்தைக் காணாது. காண்பது உண்மையான மாங்குளத்தை. அது ஒரு நல்ல ஏமாற்றம்.

எமது புகைப்படங்களும் எமது கடமையும்

இந்தச் சட்டகத்தைச் சினிமாக்காரர் மட்டும் பயன்படுத்தவில்லை. ஊருக்கு நாம் அனுப்பிய புகைப்படங்களும் அதே சட்டகத்திற்தான் எடுக்கப்பட்டன. இரவல் ஜக்கெற், பின்னால் ஏரி, தூரத்தில் பனிமலை. குசினியையோ அகதி முகாமின் அடுக்குக் கட்டிலையோ எடுத்து அனுப்பியவர் அரிது. அதனை ஏமாற்று என்று சொல்ல மாட்டேன். மகன் நன்றாயிருக்கிறான் என்று தாய் நம்ப வேண்டியிருந்தது. ஆனால் விளைவு என்னவெனில், எமது வாழ்வின் சான்றாக எஞ்சியிருப்பவையும் உல்லாசப் பயணியின் படங்களே. இங்கு பிறந்த பிள்ளைகள் அல்பத்தைப் புரட்டினால், அப்பா முப்பது வருடம் விடுமுறையில் இருந்ததாகத்தான் தோன்றும்.

லுசேர்ணின் மரப்பாலம் 1993 ஓகஸ்ற் 18 அதிகாலையில் எரிந்தது. கூரைக்கடியில் இருந்த பழைய ஓவியங்களிற் பெரும்பகுதி அழிந்தது. நகரம் எட்டு மாதத்தில் பாலத்தைத் திருப்பிக் கட்டியது. (1981 இல் எரிந்த எமது நூலகம் திருப்பித் திறக்க 2003 ஆயிற்று என்பது இதனைப் பார்த்த யாழ்ப்பாணத்தவர் ஒவ்வொருவர் மனதிலும் ஓடியிருக்கும்.) பயணிகள் இன்று பதினான்காம் நூற்றாண்டுப் பாலம் என்று படமெடுப்பதில் பெரும்பகுதி 1994 இன் பலகை. எம்மில் பலர் அந்தப் பலகைகளுக்கு முன்னரே இந்த நகரத்துக்கு வந்தவர்கள். எரிந்த பாலத்தின் மணத்தை வேலைக்குப் போகும் வழியில் அறிந்தவர்கள். இந்த நகரத்தின் கதையில் நாம் விருந்தினரல்லர், சாட்சிகள்.

ஆகவே உறவினர் வந்து டிட்லிஸ் கேட்டால் கூட்டிப் போவோம். அட்டை உருவங்கள் இருந்தால் பக்கத்தில் நின்று படமும் எடுப்போம். அதனை ஏளனம் செய்ய யாருக்கும் உரிமையில்லை. ஆனால் அதே நாளில், திரும்பும் வழியில், இன்னும் இரண்டு இடங்கள் காட்டலாம். முதன்முதல் படுத்த அகதி முகாம் எந்தக் கட்டடத்தில் இருந்தது? முதற் சம்பளம் எந்தக் குசினியில் கிடைத்தது? அங்கும் ஒரு படம் எடுத்து, பின்னால் ஆண்டும் இடமும் வேலையும் எழுதி வைக்கலாம். அந்தக் கட்டடங்களிற் பல இப்போது வேறு பயன்பாட்டுக்குப் போய்விட்டன, சில இடிக்கப்பட்டுவிட்டன. அங்கு வேலை செய்தவர்கள் ஓய்வூதிய வயதை எட்டிவிட்டார்கள். சிலர் காலமாகியும் விட்டார்கள்.

ஹோம்ஸ் விழுந்த இடத்துக்குப் பலகை வைப்பதற்கு ஹோம்ஸ் பிறந்திருக்கக்கூடத் தேவைப்படவில்லை. எழுதிய ஒருவரும் வாசித்த பலரும் போதுமாயிருந்தார்கள். எமது பக்கத்தில் வாழ்ந்த மனிதர்களும் நடந்த சம்பவங்களும் நிறையவே உண்டு. எழுதப்பட்டதுதான் குறைவு. இவ்விதழின் வாசகர்களிற் பலர் எழுதத் தெரிந்தவர்கள். தத்தம் நகரத்தின் குசினிகளைப் பற்றி அவர்கள் எழுதட்டும். இக்கட்டுரையுடன் முரண்படுபவர்களும் எழுதட்டும்.